புளிக்காத இரத்தம்

எலுமிச்சைச் சாறு எங்கே போகிறது?

பங்குனி வெயிலில் நார்த்தாமலை முத்துமாரியம்மன் கோயில் தேருக்கு நடந்து வருகிறவர்களுக்கு வழிநெடுக நீர்மோரும் பானகமும் எலுமிச்சைச் சாறும் கிடைக்கும். கோயில் வந்து சேர்வதற்குள் நாலைந்து இடங்களில் நின்று வாங்கிக் குடித்தவர்கள் பலர் இருப்பார்கள். எலுமிச்சைச் சாறு வீரியமான அமிலம். வெறும் வாயில் குடித்தால் பல் கூசும். பித்தளைச் சொம்பில் தேய்த்தால் களிம்பு கழன்று சொம்பு பளபளக்கும். உலோகத்தையே கழுவும் அந்தப் புளிப்பை டம்ளர் டம்ளராகக் குடித்தவரின் இரத்தம் ஏன் புளிப்பதில்லை?

விடையின் முதல் பாதி எளிது. எலுமிச்சையின் புளிப்புக்குக் காரணம் சிட்ரிக் அமிலம். நம் செல்கள் அதை அரிசிச் சோற்றின் மாவுச்சத்தைப் போலவே எரித்துச் சக்தியாக்கிக்கொள்கின்றன. எரிந்து முடிந்தால் மிஞ்சுவது தண்ணீரும் கரியமில வாயுவும்தான். வாயுவை மூச்சில் விட்டுவிடுகிறோம். நாக்கில் புளித்தது நுரையீரல் வழியே வெளியேறிவிடுகிறது.

இரண்டாம் பாதிதான் வியப்பானது. நாக்குக்குப் புளிக்காத முட்டையும் கறியும் கருவாடும் உடலுக்குள் உண்மையான அமிலத்தை உண்டாக்குகின்றன. புரதத்தில் உள்ள கந்தகம் எரியும்போது கந்தக அமிலம் பிறக்கிறது. தானியங்களும் சிறிதளவு அமிலத்தைச் சேர்க்கின்றன. இந்த அமிலம் வாயுவாக மாறாது. எவ்வளவு ஆழமாக மூச்சு விட்டாலும் போகாது. அதை வெளியேற்ற உடலில் ஒரே ஒரு வழிதான் உண்டு: சிறுநீர்.

சிறுநீரகம் கழிவை வடிகட்டுகிறது என்று பள்ளியில் படித்திருக்கிறோம். வடிகட்டும் வேலை ஒழுங்காக நடந்துகொண்டே, அமிலத்தை வெளியேற்றும் வேலை மட்டும் நின்றுபோனால் என்ன ஆகும்? அப்படி ஒரு நோய் இருக்கிறது. அதை இந்த அத்தியாயத்தில் நுண்குழல் அமிலத்தேக்கம் என்று அழைப்போம்.

ஒரு நாள் கணக்கு

நார்த்தாமலையில் வயல்வேலையும் நூறு நாள் வேலையும் பார்க்கும் நாற்பது வயதுப் பெண் ஒருவரை எடுத்துக்கொள்வோம். எடை 50 கிலோ. இவர் கற்பனை மனிதர்தான். ஆனால் இவருக்கு நேரப்போவது எல்லாம் தென்னிந்திய மருத்துவமனைகளுக்கு நன்கு பழகிய நிகழ்வுகள்.

வேதியியலில் மில்லிமோல் என்று ஓர் அளவு உண்டு. அதை நாம் அலகு என்று சுருக்கிக்கொள்வோம். சாதாரண உணவு உண்பவர் உடலில், ஒரு கிலோ எடைக்கு நாளொன்றுக்குச் சுமார் ஓர் அலகு வீதம், மூச்சில் போகாத அமிலம் உருவாகிறது. நம் பெண்ணுக்கு அது 50 அலகு.

அமிலம் இரத்தத்தில் கலந்த உடனே இரத்தம் புளித்துவிடுவதில்லை. அதை எதிர்கொள்ள பைகார்பனேட் என்ற காரப்பொருள் இரத்தத்தில் எப்போதும் இருக்கிறது. சமையலறை ஆப்பசோடாவில் இருப்பதும் இதுதான். ஓர் அலகு அமிலத்தை ஓர் அலகு பைகார்பனேட் தீர்த்துவிடும், தானும் தீர்ந்துபோகும். லிட்டருக்கு 24 அலகு இருப்பது இயல்பு. இரத்த நீரும் செல்களைச் சூழ்ந்திருக்கும் நீரும் சேர்ந்து அவர் உடலில் சுமார் 10 லிட்டர். ஆகக் கையிருப்பு 240 அலகு.

வரவே இல்லாமல் நாளுக்கு 50 செலவாகிக்கொண்டே போனால் 240 எத்தனை நாள் தாங்கும்? ஐந்து நாள்கூடத் தாங்காது. செலவான 50 அலகையும் யாரோ அன்றன்றைக்கே ஈடுகட்டியாக வேண்டும். அதைச் செய்வது சிறுநீரகம். நம் இரத்தத்தின் கணக்குப் புத்தகம் அங்கேதான் இருக்கிறது.

இருபது லட்சம் குழல்கள்

ஒவ்வொரு சிறுநீரகத்திலும் சுமார் பத்து லட்சம் வடிகட்டிகள் இருக்கின்றன. ஒவ்வொரு வடிகட்டியோடும் தலைமுடியைவிட மெல்லிய ஒரு குழல் ஒட்டியிருக்கிறது. வடிகட்டிகள் நாளொன்றுக்கு சுமார் 150 லிட்டர் நீரைக் குழல்களுக்குள் வடிக்கின்றன. நாம் கழிக்கும் சிறுநீரோ ஒன்றரை லிட்டர். மீதி அத்தனையும் குழலின் சுவர் வழியே இரத்தத்துக்குத் திரும்பிவிடுகிறது. எதைத் திருப்பி எடுப்பது, எதைப் போகவிடுவது என்ற தீர்ப்பைக் குழல்தான் சொல்கிறது.

வடிந்த 150 லிட்டரில் லிட்டருக்கு 24 வீதம் 3,600 அலகு பைகார்பனேட்டும் போயிருக்கும். குழலின் முதல் பகுதி அதில் ஐந்தில் நான்கு பங்குக்கு மேல் மீட்டுவிடும். மிச்சத்தை அடுத்த பகுதிகள் மீட்கும். ஒரு துளிகூடச் சிறுநீரில் வீணாகாது. ஆனால் இது இருந்த பணத்தைத் தொலைக்காமல் வைத்துக்கொண்ட கதை மட்டுமே. செலவான 50 அலகு இன்னும் வரவில்லை.

அதைப் புதிதாக உண்டாக்கும் இடம் குழலின் கடைப்பகுதி. அங்குள்ள சில செல்களின் சுவரில் அமிலத்தைக் குழலுக்குள் தள்ளும் நுண்ணிய புரத இயந்திரங்கள் பதிந்திருக்கின்றன. இவற்றை அமில இறைப்பி என்போம். இறைப்பி ஓர் அமிலத் துகளைச் சிறுநீருக்குள் தள்ளும்போதெல்லாம், அதே செல்லின் மறுபக்கத்து வாசல் வழியே ஒரு பைகார்பனேட் இரத்தத்துக்குள் போகிறது. 50 அமிலம் வெளியே. 50 பைகார்பனேட் உள்ளே. அன்றைய கணக்கு நேராகிவிட்டது. தள்ளிய அமிலத்தைச் சுமந்து செல்ல அமோனியாவும் பாஸ்பேட்டும் சிறுநீரில் காத்திருக்கின்றன.

இறைப்பியின் வலிமையை அமில அளவுகோலான பி.எச். எண் காட்டும். இந்த எண் குறையக் குறைய அமிலம் கூடும். ஒரு படி இறங்கினால் பத்து மடங்கு கூடும். இரத்தத்தின் எண் 7.4. நல்ல சிறுநீரகம் தேவைப்பட்டால் சிறுநீரை 4.5 வரை இறக்கிவிடும். அதாவது இரத்தத்தைப்போல் சுமார் 800 மடங்கு அமிலம். கடைப்பகுதி இறைப்பி பழுதானவருக்கு, உடலில் அமிலம் தேங்கி நிற்கும் வேளையிலும், சிறுநீரின் எண் ஏறத்தாழ 5.5-க்குக் கீழே இறங்குவதில்லை. எண்பது மடங்கோடு நின்றுபோகிறது.

கால் அசையாத காலை

நம் பெண்ணுக்கு வருவோம். முந்தைய நாள் முழுக்க நாற்று நட்டார். இரவு உறவினர் வீட்டு விசேஷத்தில் வயிறு நிறையச் சாப்பிட்டுப் படுத்தார். விடிகாலையில் விழிப்பு வந்தது; எழ முடியவில்லை. இரண்டு கால்களும் கல்லாகக் கிடந்தன. கையைத் தலைக்கு மேல் தூக்க முடியவில்லை. பேச்சு தெளிவாக இருந்தது. தொட்டால் உணர்ச்சி இருந்தது. பக்கவாதம் என்று பதறிய வீட்டார் 108-ஐ அழைத்துப் புதுக்கோட்டை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்கள்.

பக்கவாதம் பெரும்பாலும் ஒரு பக்கத்தைப் பிடிக்கும். இது இரண்டு பக்கமும் ஒரே மாதிரி. மருத்துவர் இரத்த உப்புகளைப் பார்க்கச் சொன்னார். பொட்டாசியம் 1.9. இயல்பு 3.5-லிருந்து 5. தசைகளின் மின்னியக்கத்துக்குப் பொட்டாசியம் இன்றியமையாதது. இவ்வளவு குறைந்தால் தசை மூளையின் கட்டளைக்கு மசியாது.

பைகார்பனேட் 14. இருக்க வேண்டிய 24-க்குப் பத்து குறைவு. குளோரைடு அதே அளவுக்கு ஏறி 115. யூரியாவும் கிரியாட்டினினும் முற்றிலும் இயல்பு. இரத்தம் அமிலப்பக்கம் சாய்ந்திருக்கும்போது சிறுநீரில் அமிலம் கொட்ட வேண்டும். அவருடைய சிறுநீரின் எண்ணோ 6.8.

இந்த முடிவுகளில் நோய் முழுவதும் எழுதியிருக்கிறது. கிரியாட்டினின் இயல்பு என்பதால் வடிகட்டிகள் நலம். “கிட்னி டெஸ்ட் நார்மல்” என்று சீட்டில் எழுதியிருப்பது இதைத்தான். பழுது வடிகட்டியில் இல்லை, குழலில். கிரியாட்டினினை மட்டும் பார்த்து அனுப்பிவிட்டால் இந்த நோய் கண்ணில் படாமலேயே போகும்.

“சோறு தொண்டையில எறங்குதாம்மா?” என்று மருத்துவர் கேட்டார்.

“வெறுஞ்சோறு எறங்காதுங்க சார். ரெண்டு வருசமா தண்ணி குடிச்சுக் குடிச்சுத்தான் முழுங்குறேன். கண்ணுலயும் மண்ணு விழுந்தாப்புல உறுத்தும்.”

அந்தப் பதிலில் நோயின் வேர் தெரிந்துவிட்டது. அதைப் பிறகு பார்ப்போம்.

பொட்டாசியம் எங்கே போனது?

அமிலம் தேங்குகிற நோயில் பொட்டாசியம் ஏன் காணாமல் போக வேண்டும்? குழலின் கடைப்பகுதி சோடியத்தை இரத்தத்துக்கு மீட்டுக்கொண்டே இருக்கிறது. சோடியம் நேர்மின்னேற்றம் கொண்டது. அது உள்ளே வரும்போது ஈடாக வேறொரு நேர்மின் துகள் குழலுக்குள் போக வேண்டும். அமிலத் துகள் போகலாம்; பொட்டாசியம் போகலாம். இறைப்பி நின்றுவிட்டால் அமிலம் போக வழியில்லை. அதன் பங்கையும் சேர்த்துப் பொட்டாசியம் வெளியேறுகிறது.

மாதக்கணக்கில் இப்படி இழந்தவரின் இரத்தத்தில் பொட்டாசியம் ஏற்கெனவே விளிம்பில் நிற்கும். வயிறு நிறைய மாவுச்சத்து சாப்பிட்டதும் இன்சுலின் சுரக்கிறது. இன்சுலின் இரத்தத்தில் மிஞ்சியிருக்கும் பொட்டாசியத்தையும் செல்களுக்குள் தள்ளுகிறது. உழைப்பும் விருந்தும் சேர்ந்த இரவின் மறுநாள் காலையில் கால்கள் செயலிழந்தது இதனால்தான். உடல் சோர்வு என்றதும் குளுக்கோஸ் பாட்டில் ஏற்றும் வழக்கம் இப்படிப்பட்டவருக்கு ஏன் ஆபத்து என்பதும் இதிலிருந்தே விளங்கும். குளுக்கோஸ் இன்சுலினை இன்னும் தூண்டும். பொட்டாசியம் இன்னும் சரியும். நெஞ்சுத் தசையும் மூச்சுத் தசையும் தளரக்கூடும்.

பாறையும் எலும்பும்

நம் கணக்கில் ஒரு கேள்வி மீதமிருக்கிறது. ஐந்து நாளில் தீர்ந்துபோக வேண்டிய கையிருப்போடு இவர் எப்படி இரண்டு வருடம் வயல்வேலை செய்தார்?

இறைப்பி முழுவதும் நின்றுவிடவில்லை என்பது ஒரு காரணம். நாளைக்கு 50 அலகு வெளியேற வேண்டிய இடத்தில் 40 வெளியேறுகிறது என்று வைத்துக்கொள்வோம். பற்றாக்குறை பத்து. அந்தப் பத்தைத் தருவது யார்?

நார்த்தாமலையின் பாறைகளே இதற்கு ஒரு விளக்கம் தருகின்றன. மழைநீர் காற்றிலுள்ள கரியமில வாயுவைக் கரைத்துக்கொண்டு மென்மையான அமிலமாகத்தான் மண்ணில் விழுகிறது. அதன் எண் சுமார் 5.6. அது கருங்கல்லின் மீதும் விரிசல்களிலும் ஓடும்போது கல்லிலுள்ள கனிமங்கள் அமிலத்தைத் தீர்க்கின்றன. அந்த வேலையில் கல்லின் கால்சியமும் சோடியமும் சிறிது சிறிதாகக் கரைந்து பைகார்பனேட்டோடு கிணற்று நீரில் சேர்கின்றன. பாறை நாட்டுக் கிணறுகளில் அமிலமான நீரைக் காண்பது அரிது. விலை கொடுப்பது பாறை. ஆனால் அந்தச் செலவு மிக மெதுவாக நடக்கிறது. நார்த்தாமலைக் குன்றுகளில் ஒன்றான மேலமலையில் 9ஆம் நூற்றாண்டில் எழுந்த விஜயாலய சோழீச்சரம் என்ற கோயில் இன்றும் நிற்கிறது.

உடலில் பாறையின் இடத்தில் இருப்பது எலும்பு. அதுவும் கால்சியக் கனிமம். அதுவும் காரத்தன்மை கொண்டது. தேங்கிய அமிலத்தைத் தீர்க்க எலும்பு தன் கார உப்புகளைக் கரைத்துக் கொடுக்கிறது. நாளுக்குப் பத்து அலகு என்பது சிறு தொகைதான். வருடத்துக்கு 3,650 அலகு. எலும்புக்குப் பாறையின் பொறுமை கிடையாது. சில ஆண்டுகளில் அது மென்மையாகிறது, வலிக்கிறது, சிறு அடிக்கும் முறிகிறது. வளரும் குழந்தைக்கு இது நேர்ந்தால் கால்கள் வளைகின்றன, உயரம் நின்றுபோகிறது.

எலும்பிலிருந்து கரைந்த கால்சியம் சிறுநீரில் வந்து சேர்கிறது. அமிலம் குறைந்த சிறுநீரில் கால்சியமும் பாஸ்பேட்டும் எளிதில் கட்டிப்படும். அவை கட்டாமல் காப்பது சிட்ரேட் என்ற உப்பு. உடலில் அமிலம் தேங்கியிருக்கும்போது சிறுநீரகம் சிட்ரேட்டை வெளியே விடாமல் தானே உறிஞ்சிக்கொள்கிறது. கால்சியம் கூடுதல், அமிலம் குறைவு, காப்பாளரும் இல்லை: சிறுநீரகத்தில் கற்கள் விளைகின்றன. சிலருக்குச் சிறுநீரகத்தின் உட்பகுதி முழுவதும் சுண்ணாம்பு படிந்துவிடும். கால் விழுதல், எலும்பு வலி, திரும்பத் திரும்பக் கல் என மூன்று வெவ்வேறு மருத்துவர்களிடம் போகவைக்கும் மூன்று தொல்லைகள் ஒரே பழுதின் பிள்ளைகள்.

வளராத சிறுவர்கள்

இந்த நோயை முதலில் கண்டுகொண்டவர்கள் குழந்தை மருத்துவர்கள். 1935-ல் இங்கிலாந்தின் லைட்வுட், சிறுநீரகத்தில் கால்சியம் படிந்த குழந்தைகளைப் பற்றி எழுதினார். அடுத்த ஆண்டே அமெரிக்காவின் பட்லரும் அவருடைய குழுவினரும் அதையே விவரித்தார்கள். 1946-ல் ஆல்பிரைட் எலும்பு, கல், அமிலம் மூன்றையும் ஒரே சங்கிலியில் கோத்துக் காட்டினார்.

அதற்கு நூறாண்டு முன்னரே ஒரு கதையில் இந்த நோய் நுழைந்துவிட்டது என்று கருதுபவர்களும் உண்டு. 1843-ல் சார்லஸ் டிக்கன்ஸ் எழுதிய ‘எ கிறிஸ்துமஸ் கேரல்’ கதையில் டைனி டிம் என்ற சின்னஞ்சிறுவன் ஊன்றுகோலோடு நடப்பான். கவனிப்பு இல்லாவிட்டால் இறந்துவிடுவான், கிடைத்தால் பிழைப்பான். குள்ளமான உருவம், வலுவற்ற கால், உரிய மருத்துவத்தால் மீளும் நோய் ஆகிய மூன்றும் நுண்குழல் அமிலத்தேக்கத்துக்குப் பொருந்துகின்றன என்று அமெரிக்க மருத்துவர் டொனால்ட் லூயிஸ் 1992-ல் ஒரு குழந்தை மருத்துவ இதழில் வாதிட்டார். கதைமாந்தருக்கு யாரும் பரிசோதனை செய்ய முடியாது. ஆனால் காரச் சேர்க்கை கிடைத்தால் இப்படிப்பட்ட குழந்தை எழுந்து வளரும் என்பது இன்று ஐயமற்ற உண்மை.

இறைப்பி எதனால் நிற்கிறது?

பெரியவர்களில் முக்கியமான காரணம், உடலின் நோய் எதிர்ப்புப் படை தன் உறுப்புகளையே தாக்குவது. நம் பெண்ணின் வறண்ட வாயும் உறுத்தும் கண்ணும் ஷோக்ரன் நோயின் அடையாளங்கள். 1933-ல் சுவீடன் கண் மருத்துவர் ஹென்ரிக் ஷோக்ரன் விரிவாக எழுதிய நோய் இது. உமிழ்நீர்ச் சுரப்பியையும் கண்ணீர்ச் சுரப்பியையும் தாக்கும் அதே படை சிறுநீரகக் குழலையும் தாக்குகிறது. பாதிக்கப்படுபவர்களில் மிகப் பெரும்பான்மையோர் பெண்கள். வாய் வறட்சியை வெயிலின் மீதும் வயதின் மீதும் போட்டுவிட்டு அவர்கள் ஆண்டுக்கணக்கில் பொறுத்துக்கொள்கிறார்கள். லூபஸ் என்ற இன்னொரு தன்னெதிர்ப்பு நோயும் இப்படிச் செய்வதுண்டு.

குழந்தைகளில் முக்கியமான காரணம் மரபணு. பைகார்பனேட் வெளியேறும் வாசலுக்கான மரபணுவில் பிழை இருப்பது 1997-ல் தெரியவந்தது. அதே வாசல் இரத்தச் சிவப்பணுவிலும் இருப்பதால் தாய்லாந்து, மலேசியா போன்ற நாடுகளில் சிவப்பணுக் கோளாறும் இந்த நோயும் சேர்ந்தே காணப்படுகின்றன. இறைப்பிக்கான மரபணுவில் உள்ள பிழை 1999-ல் கண்டறியப்பட்டது. அதே இறைப்பி உட்காதிலும் இயங்குவதால் அந்தக் குழந்தைகளில் பலருக்குக் காதும் கேட்பதில்லை. இந்த வகைப் பிழை தாய், தந்தை இருவரிடமிருந்தும் வந்தால்தான் நோயாகும். மாமன் மகள், அத்தை மகன், அக்காள் மகள் என்று நெருங்கிய சொந்தத்தில் மணம் முடிக்கும்போது அந்த வாய்ப்பு கூடுகிறது. சொந்தத்தில் மணந்தோரின் குழந்தை வளராமலும் காது கேளாமலும் இருந்தால் சிறுநீரையும் சோதிப்பது அவசியம்.

ஆம்ஃபோடெரிசின் என்ற பூஞ்சைக்கொல்லி மருந்தும், பெயின்ட் தின்னரை முகரும் போதைப் பழக்கமும் கடைப்பகுதியைக் கெடுப்பவை.

தமிழ்நாட்டுக்கே நெருக்கமான இன்னொரு காரணம் ஒரு தழை. நார்த்தாமலைக் குன்றுகள் அனுமன் தூக்கிச் சென்ற சஞ்சீவி மலையிலிருந்து சிதறியவை, அதனால் மூலிகை நிறைந்தவை என்பது ஊர் நம்பிக்கை. காட்டுப் பச்சைக்கு மறுபக்கமும் உண்டு. தென்னிந்தியாவின் வறண்ட காடுகளில் வளரும் ஒடுவன் மரத்தின் தழை நஞ்சு. அதனால் பாதிக்கப்பட்டு வருபவர்களைத் தமிழ்நாடு, புதுச்சேரி மருத்துவமனைகள் நெடுங்காலமாகப் பார்த்துவருகின்றன. அவர்களுக்குப் பொட்டாசியம் சரிவதும் அமிலம் தேங்குவதும் ஏன் என்பது புதிராக இருந்தது. வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரி மருத்துவர்கள் 2010-ல் வெளியிட்ட ஆய்வு, நோயாளிகளின் சிறுநீரகக் குழல்கள் பழுதாவதைக் காட்டியது. அதே கல்லூரி ஆய்வாளர்கள் எலிகளில் செய்து அதே ஆண்டில் வெளியிட்ட ஆய்வில், அது கடைப்பகுதி அமிலத்தேக்கம்தான் என்றும், மூச்சும் தளர்கிறது என்றும் தெரிந்தது. தழையிலுள்ள சேர்மங்கள் அமில இறைப்பியையே முடக்குகின்றன. மரபணு பல ஆண்டுகளில் செய்வதை நஞ்சு சில நாள்களில் செய்துவிடுகிறது. அடையாளம் தெரியாத எந்தத் தழையையும் மருந்தென்று உட்கொள்ளக் கூடாது. யாராவது உட்கொண்டதாகத் தெரிந்தால், பார்வைக்கு நலமாக இருந்தாலும் உடனே பெரிய மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். மனம் நொந்து உயிர் வேண்டாம் என்று எண்ணுபவர்களுக்கு 104, 14416 ஆகிய இரண்டு இலவச எண்களும் எந்த நேரமும் திறந்திருக்கின்றன. அழைத்தால் தமிழில் பேசலாம்.

மூன்று வகை, மூன்று நடத்தை

இதுவரை பார்த்தது முதல் வகை. குழலின் முற்பகுதி பழுதானால் அது இரண்டாம் வகை. 3,600 அலகை மீட்க வேண்டிய பகுதி பலவீனமாகி, பைகார்பனேட் சிறுநீரில் ஒழுகுகிறது. அதோடு சர்க்கரை, பாஸ்பேட் போன்றவையும் ஒழுகலாம். பரம்பரை நோய்கள் சில, எச்.ஐ.வி.க்குத் தரும் டெனோஃபோவிர், சில புற்றுநோய் மருந்துகள், மைலோமா என்ற எலும்பு மஜ்ஜைப் புற்று ஆகியவை இதன் காரணங்கள்.

நான்காம் வகையே இன்று அதிகம் காணப்படுவது. நீண்டநாள் சர்க்கரை நோயாளிகளிடம், அல்டோஸ்டிரோன் என்ற ஹார்மோன் குறைவதாலோ அதன் பேச்சைக் குழல் கேட்காததாலோ இது வருகிறது. சில இரத்த அழுத்த மருந்துகளும் இதைத் தூண்டும். இங்கே நடப்பது முதல் வகைக்கு நேரெதிர்: பொட்டாசியம் குறைவதற்குப் பதிலாக ஏறுகிறது. அதிகம் ஏறினால் இதயம் நின்றுவிடும். பொட்டாசியம் நிறைந்த இளநீர் முதல் வகையினருக்குப் பெரிதாகக் கெடுதல் செய்யாது. நான்காம் வகையினருக்கு ஆபத்து. அமிலத்தேக்கம் என்ற பெயர் ஒன்றாக இருப்பதால் ஒருவருக்குச் சொன்ன பத்தியத்தை இன்னொருவர் பின்பற்றக் கூடாது. மூன்றாம் வகை என்று முன்பு தனியாகச் சொல்லப்பட்டதை இன்று அரிதான கலப்பு வகையாகவே கருதுகிறார்கள்.

முதலில் பொட்டாசியம், பிறகு காரம்

நம் பெண்ணுக்குச் சிகிச்சை தொடங்குகிறது. இரத்தம் அமிலமாக இருக்கிறதே என்று உடனே பைகார்பனேட் ஏற்றினால் என்ன நேரும்? இரத்தம் காரப்பக்கம் திரும்பும்போது பொட்டாசியம் செல்களுக்குள் இன்னும் புகும். 1.9 என்பது இன்னும் இறங்கும். எனவே முதலில் பொட்டாசியம். இதயத்தின் துடிப்பை இ.சி.ஜி.யில் பார்த்துக்கொண்டே அதை நிதானமாகக் கொடுப்பார்கள். பொட்டாசியம் ஏற ஏறக் கால்கள் உயிர்பெறும். பெரும்பாலும் ஓரிரு நாளில் நோயாளி எழுந்து நடப்பார். அடுத்து காரம்.

எவ்வளவு காரம்? நம் கணக்கே விடை சொல்கிறது. அவர் உடலில் நாளுக்கு 50 அலகு அமிலம் பிறக்கிறது. அதை ஈடுகட்ட 50 அலகுக்குச் சற்று மேலே போதும். 500 மில்லிகிராம் சோடியம் பைகார்பனேட் மாத்திரை ஒன்றில் சுமார் ஆறு அலகு இருக்கிறது. ஆக நாளொன்றுக்கு ஒன்பது அல்லது பத்து மாத்திரை, மூன்று வேளையாகப் பிரித்து. பெரும்பாலும் இதற்குப் பதிலாகவோ இதோடு சேர்த்தோ பொட்டாசியம் சிட்ரேட் மருந்து தருவார்கள். அது இழந்த பொட்டாசியத்தைத் திருப்புகிறது. அதன் சிட்ரேட் உடலில் எரிந்து பைகார்பனேட்டாகிறது. கல் கட்டுவதையும் தடுக்கிறது. சிட்ரேட் எலுமிச்சையிலும் இருக்கிறதே, சாறு குடித்தால் போதாதா என்று தோன்றலாம். போதாது. எலுமிச்சையில் பெரும்பகுதி அமில வடிவிலேயே இருக்கிறது. அது எரிந்து வாயுவாகிப் போய்விடுமே தவிர, கணக்கில் வரவாகச் சேர்வது மிகச் சொற்பம்.

வளரும் குழந்தைக்கு எடைக்கேற்ற அளவு கூடுதல். இரண்டாம் வகையில் கொடுத்த காரமும் ஒழுகிவிடுவதால் கிலோவுக்குப் பத்து, பதினைந்து அலகு வரை தேவைப்படும். நான்காம் வகையில் பொட்டாசியம் சிட்ரேட் கூடவே கூடாது. அங்கே பொட்டாசியத்தைக் குறைப்பதே முதல் வேலை. இந்தக் காரணங்களால் ஆப்பசோடாவைத் தண்ணீரில் கலக்கித் தானே மருத்துவம் பார்த்துக்கொள்வது தவறு. அதிலுள்ள சோடியம் இரத்த அழுத்தமும் இதயக் கோளாறும் உள்ளவர்களுக்குக் கெடுதல்.

நம் பெண்ணின் ஷோக்ரன் நோய்க்கும் தனியே சிகிச்சை உண்டு. ஆனால் காரமும் பொட்டாசியமும் நீண்டகாலம், பெரும்பாலும் வாழ்நாள் முழுவதும் தேவைப்படும். கால் சரியாகிவிட்டது என்று மாத்திரையை நிறுத்துகிறவர் சில மாதங்களில் அதே கட்டிலுக்குத் திரும்புவார். விடாமல் எடுத்துக்கொள்பவரின் எலும்பு மீண்டும் உறுதிப்படும். புதிய கற்கள் குறையும். சீக்கிரமே தொடங்கினால் குழந்தை உயரமாக வளரும்.

யார் சோதிக்க வேண்டும்?

திடீரென்று இரண்டு கால்களும் விழுந்து தானாகச் சரியானவர்கள். இரண்டு சிறுநீரகங்களிலும் கல் இருப்பவர்கள், எடுத்த பிறகும் திரும்பத் திரும்பக் கல் வருபவர்கள். வைட்டமின் டி கொடுத்தும் கால் வளைவு நேராகாத, எடை கூடாத குழந்தைகள். வாயும் கண்ணும் வறண்டு, உடல் சோர்ந்து கிடக்கும் பெண்கள். நீண்டநாள் சர்க்கரை நோயோடு பொட்டாசியம் ஏறிக்கொண்டே போகும் முதியவர்கள்.

இவர்களில் ஒருவர் உங்கள் வீட்டில் இருந்தால் மருத்துவரிடம் மூன்று சோதனைகளைக் கேளுங்கள்: இரத்தத்தில் பொட்டாசியம், இரத்தத்தில் பைகார்பனேட், அப்போதே கழித்த சிறுநீரின் பி.எச். எண். சிறுநீரில் கிருமித்தொற்று இருந்தால் அந்த எண் தவறாக ஏறிக்காட்டும். அதையும் சேர்த்துப் பார்க்கச் சொல்லுங்கள். கிரியாட்டினின் இயல்பு என்ற ஒரே வரியோடு திருப்தியடையாதீர்கள். இந்த நோயைக் கண்டுபிடிக்கப் பெரிய கருவிகள் வேண்டாம். குணமாக வைத்திருக்கும் மருந்தும் விலை குறைந்தது. மருத்துவர் சந்தேகப்பட வேண்டும், நோயாளி மாத்திரையை நிறுத்தாமல் இருக்க வேண்டும். இந்த இரண்டும் நடந்தால் நுண்குழல் அமிலத்தேக்கம் உள்ளவர் மற்றவர்களைப் போலவே உழைத்து வாழ முடியும்.